தப்பாய்த்து சார்

வாயைத் திறந்து சம்பாதிக்கிற வக்கீல்கள் நடுவில், அடுத்தவர் வாயை மூடச் சொல்லிப் பிழைக்கிறவள் நான். பெங்களூரில் இலவச சட்ட உதவி வக்கீல். வக்கீல் வைக்க வசதியில்லாதவர்களுக்காக ஸ்டேஷனுக்கும் கோர்ட்டுக்கும் அலைவது என் வேலை. தமிழ் தெரியும் என்பதால் அல்சூர், ரிச்சர்ட்ஸ் டவுன் பக்கம் தமிழ்க்காரர் யார் மாட்டினாலும் என் தலையில்தான் கட்டுவார்கள். போன் தொலைந்த புகாருக்கோ பாஸ்போர்ட் விசாரணைக்கோ ஸ்டேஷன் பெஞ்சில் ஒரு மத்தியானம் உட்கார்ந்து பார்த்தவரா நீங்கள்? எந்தத் தப்பும் செய்யாமலே தொண்டை வறண்டிருக்குமே? அப்படியானால் நீங்களும் நம்ம கட்சிதான். மேலே படியுங்கள்.

காரம் கம்மி

தனபால் ரிச்சர்ட்ஸ் டவுனில் ஒரு அபார்ட்மெண்டில் கார் கழுவுகிறவர். வீடு அல்சூரில். ஒருநாள் காலையில், காரில் வைத்திருந்த லேப்டாப் பையைக் காணோம் என்று அந்த அபார்ட்மெண்ட்காரர் ஒருவர் புகார் கொடுத்தார். எல்லார் கார் சாவியும் தனபாலிடம்தான் இருக்கும். இது போதாதா? கையோடு கூட்டிக்கொண்டு போய்விட்டார்கள்.

ஒருவரைப் பிடித்தால் என்ன காரணத்துக்காகப் பிடித்தோம் என்று சொல்ல வேண்டும், வீட்டுக்கும் தகவல் கொடுக்க வேண்டும். சட்டம். கொடுத்தார்கள், இல்லையென்று சொல்ல மாட்டேன். அவர் மனைவி செல்விக்கு ஸ்டேஷனிலிருந்து போன்: "உன் புருஷன் இங்க இருக்கான், சாப்பாடு கொண்டா." அவ்வளவுதான். டிபன் கேரியரோடு ஓடியவளை வாசலிலேயே நிற்க வைத்து, கேரியரை மட்டும் உள்ளே வாங்கிக்கொண்டார்கள். மறுநாளும் அதே கதை. அக்கம்பக்கத்தில் யாரோ சொல்லி என்னிடம் வந்தாள். "எதுக்குப் பிடிச்சோம்னு உன்கிட்ட ஏதாவது சொன்னாங்களா?" என்று கேட்டேன். பாவம், நன்றாக யோசித்துப் பார்த்தாள்.

"குழம்புல காரம் கம்மியா போடச் சொன்னாங்க மேடம்."

சும்னே

ஸ்டேஷன் பேரைச் சொல்ல மாட்டேன். நாளைக்கும் நான் அங்கே போயாக வேண்டும். கைதானவருக்கு உள்ள உரிமைகள் என்று சுவரில் பெரிய போர்டு ஒன்று உண்டு. அதன் ஆணியில் யாரோ ரெயின்கோட்டை மாட்டியிருந்தார்கள். பாதி உரிமை தெரிந்தது, பாதி நனைந்துகொண்டிருந்தது.

பிடித்து ஒருநாளைக்குள் மாஜிஸ்திரேட் முன்னால் நிறுத்த வேண்டுமே, இரண்டு நாளாயிற்றே என்று சப் இன்ஸ்பெக்டரிடம் கேட்டேன். மனிதர் ரொம்ப மரியாதையானவர். "குத்கொள்ளி மேடம்" என்று நாற்காலியைக் காட்டினார். "அரெஸ்ட் எங்க பண்ணோம்? சும்னே விசாரணே." சும்னே என்றால் கன்னடத்தில் சும்மா. அப்படியென்றால் அவர் எழுந்து வீட்டுக்குப் போகலாமா என்றேன். "அதெப்படிப் போவான்? விசாரணே இருக்கே!" போகலாம் என்றால் விசாரணை, போகக்கூடாது என்றால் அது கைது என்று பள்ளிக்கூட டீச்சர் மாதிரி விளக்கினேன். அவர் பொறுமையாகக் கேட்டுவிட்டு, என் பொருட்டு வருத்தப்படுகிற குரலில் சொன்னார்:

"அரெஸ்ட் பண்ணாத்தானே மேடம் அவனுக்கு உரிமை, வக்கீலு எல்லாம்? அந்தத் தொந்தரவே நாங்க குடுக்கல."

சந்தித்தாயிற்று

நேராகக் கோர்ட்டுக்குப் போகிறேன் என்று குரலை உயர்த்தியபிறகு, அப்போதுதான் பிடித்ததாகக் கைது எழுதினார்கள். முந்தைய இரண்டு நாளும் தனபால் எங்கே இருந்தார் என்பது கடவுளுக்குத்தான் வெளிச்சம்.

விசாரணையின்போது கைதானவர் தன் வக்கீலைச் சந்திக்கலாம், ஆனால் விசாரணை முழுக்க அல்ல என்கிறது சட்டம். அந்த 'முழுக்க அல்ல'வை உள்ளே நுழைத்த புண்ணியவானை நான் நினைக்காத நாள் இல்லை. என்னை ஒரு கண்ணாடிக் கதவுவரை கூட்டிக்கொண்டு போனார்கள். உள்ளே தரையில் ஒருவர் உட்கார்ந்திருந்தார். என்னைப் பார்த்ததும் யாரென்றே தெரியாமல் எழுந்து நிற்கப் பார்த்தார். பாதத்தை ஊன்ற முடியவில்லை. சுவரைப் பிடித்துக்கொண்டு கும்பிட்டார். நானும் கும்பிட்டேன். அதற்குள் கான்ஸ்டபிள் குறுக்கே வந்து வழியைக் காட்டினார். இது என்ன அநியாயம் என்று கத்தினேன்.

"சந்திக்கலாம்னுதானே மேடம் சட்டம்? சந்திச்சாச்சு. பேசலாம்னு எங்க போட்டிருக்கு?"

தொழில் பழக்கம்

சண்டை போட்டுக் கொஞ்ச நேரம் வாங்கினேன். காதுக்கெட்டும் தூரத்தில் கான்ஸ்டபிள் நகம் வெட்டிக்கொண்டிருந்தார். அதற்குள் தனபாலின் ஒப்புதல் வாக்குமூலம் தயார். கன்னடத்தில் அதற்குத் 'தப்பொப்பிகெ' என்று பெயர். நீங்கள்தான் எடுத்தீர்களா என்று கேட்டேன். "ஐயோ, இல்ல மேடம்!" என்று பதறினார். பிறகு ஏன் ஒத்துக்கொண்டீர்கள்? ஒத்துக்கொள்ளவே இல்லை என்றார். அவர்கள் கேட்கக் கேட்க, "தப்பாய்த்து சார்" என்று மட்டும்தான் சொன்னாராம்.

பெங்களூர்க்காரர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை. பஸ்ஸில் காலை மிதித்தால் தப்பாய்த்து. ஆட்டோவில் உரசினால் தப்பாய்த்து. தப்பு ஆயிற்று என்பது நேர் அர்த்தம், ஆனால் ஊரில் அதற்கு 'மன்னிச்சுக்குங்க, விட்டுடுங்க' என்றுதான் பொருள். தமிழ் பேசும்போதுகூட நம் ஆட்கள் வாயில் அதுதான் வரும். கார்க் கண்ணாடியில் தண்ணீர்த் திட்டு இருந்தால், மழை பெய்து சேறானால், பக்கத்து வீட்டு நாய் டயரில் காலைத் தூக்கினால்கூட தனபால் சொல்வது அதைத்தான். "எங்க தொழில்ல முதல்ல தப்பாய்த்து சொல்லிடணும் மேடம். என்ன தப்புன்னு அப்புறம் கேட்டுக்கலாம்." ஸ்டேஷனில் அந்த 'அப்புறம்' வரவே இல்லை.

போலீஸிடம் சொன்ன ஒப்புதல் கோர்ட்டில் செல்லாது, பயப்படாதீர்கள் என்றேன். அவர் கவலை வேறு. எடுக்கவில்லை என்று கோர்ட் சொல்லிவிட்டால் மறுபடி சாவியெல்லாம் கொடுப்பார்களா? கொடுப்பார்கள் என்றேன். அபார்ட்மெண்ட் செக்ரட்டரியும் செல்வியிடம் அப்படித்தான் சொல்லியிருந்தார். இத்தனை வருஷமும் ஊரார் நம்பிக் கொடுத்த சாவிதான் அவருக்கு எல்லாமும். சரி, இனிமேல் யார் கேட்டாலும் 'நான் எடுக்கல, மத்ததை வக்கீல் பேசுவாங்க' என்று சொல்லுங்கள் என்று பாடம் நடத்தினேன். அப்படிச் சொன்னால் மரியாதையாக இருக்காதே என்றார். ஒத்திகை பார்ப்போம் என்று நானே இன்ஸ்பெக்டர் மாதிரி கண்ணை உருட்டி, "ஏய், நீதானே எடுத்தே?" என்றேன். தப்பாய்த்து என்று வாயெடுத்துவிட்டு, நாக்கைக் கடித்துக்கொண்டு, அதற்கும் மன்னிப்புக் கேட்டார்.

"தப்பாய்த்து சொல்லிட்டேன் மேடம், தப்பாய்த்து."

டீ

மறுநாள் மாஜிஸ்திரேட் முன்னால் நிறுத்தினார்கள். அதற்குமுன் டாக்டரிடம் காட்ட வேண்டும், காட்டினார்கள். எங்காவது வலிக்கிறதா என்று டாக்டர் பேப்பரைப் பார்த்துக் கேட்டார். பேப்பருக்கு வலிக்கவில்லை. தனபாலுக்கு உள்ளங்கால் வீங்கிச் செருப்பே நுழையவில்லை. அடித்தார்கள் என்று மாஜிஸ்திரேட்டிடம் தைரியமாகச் சொல்லுங்கள் என்று காதில் ஓதியிருந்தேன்.

மாஜிஸ்திரேட் கடமை தவறாதவர். போலீஸ் தொந்தரவு ஏதாவது உண்டா என்று வாய்விட்டே கேட்டார். கேட்டபோது தனபாலின் இந்தப் பக்கம் ஒரு போலீஸ், அந்தப் பக்கம் ஒரு போலீஸ். நான் எழுந்து, இவர்களைக் கொஞ்சம் வெளியே அனுப்புங்கள், காலைப் பாருங்கள் என்றேன். அவரே பேசட்டும் என்றார் மாஜிஸ்திரேட். தனபால் என்னைப் பார்த்தார், அவர்களைப் பார்த்தார். வேன் அவர்களுடையது, திரும்பி அதில்தான் போக வேண்டும். அவர் கையைக் கட்டிக்கொண்டு பணிவாகச் சொன்னார்:

"நல்லா பாத்துக்கிட்டாங்க சாமி. டீகூட வாங்கிக் குடுத்தாங்க."

கார்க்காரர்

ஜெயிலுக்கு அனுப்பிவிட்டார்கள். பிறகு ஜாமீன் கிடைத்தது, ஜாமீன்தாரர் கிடைக்கவில்லை. சொந்த வீட்டுப் பத்திரம் வைத்திருக்கிற ஒருவர் கையெழுத்துப் போட வேண்டும். செல்விக்குத் தெரிந்தவர்கள் எல்லாருமே வாடகைக்காரர்கள். ஜாமீன்தாரர் இல்லாமல் விடுங்கள் என்று மனு போட்டேன், தள்ளுபடியானது. மாதங்கள் ஓடின. பை கிடைக்கவேயில்லை, யாரோ முகம் தெரியாதவனிடம் தனபால் விற்றுவிட்டதாகக் குற்றப்பத்திரிகை வந்தது.

அந்தச் சமயம் புகார் கொடுத்த கார்க்காரரே எனக்குப் போன் செய்தார். படித்தவர், பதவியில் இருக்கிறவர், நம் தமிழ்க்காரர். "மேடம், ஒரு சின்ன விஷயம். அந்தப் பை என் தங்கச்சி வீட்ல இருந்திருக்கு. சோபாவுக்குப் பின்னாடி. மனசு கேக்கல, அதான் உங்ககிட்ட சொல்றேன்." எனக்குத் தலைகால் புரியவில்லை. சார், நீங்க மகராசனா இருக்கணும், ஸ்டேஷன்லயோ கோர்ட்லயோ இந்த ஒரு வரியைச் சொல்லிடுங்க என்று கெஞ்சினேன். அதற்கு அவர் சொன்னார்:

"தப்பாயிடுச்சுன்னு போலீஸ்ல போய் நான் எப்படி மேடம் சொல்றது? எனக்குன்னு ஒரு மரியாதை இருக்குல்ல?"

ஒரே ஒரு 'இல்ல'

அதற்கப்புறம் அவர் என் போனை எடுக்கவில்லை. ஸ்டேஷனில் சொன்னால், அவரே வந்து எழுதிக் கொடுக்கட்டும் என்றார்கள். கோர்ட்டில் சொன்னால், அவரே வந்து சொல்லட்டும் என்றார்கள். வரட்டும்! சாட்சிக் கூண்டுக்கு வந்துதானே ஆக வேண்டும்? சோபாவை அங்கே நகர்த்திக்கொள்கிறேன் என்று கறுவிக்கொண்டேன். அதற்குத் தனபால் செய்ய வேண்டியது ஒன்றே ஒன்று. குற்றச்சாட்டைப் படித்துவிட்டு மாஜிஸ்திரேட் கேட்பார். அப்போது 'இல்ல' என்று சொல்ல வேண்டும், சொன்னால்தான் சாட்சிகளையே கூப்பிடுவார்கள். போலீஸிடம் உளறியது செல்லாது, மாஜிஸ்திரேட்டிடம் சொன்னால் அது கல்லில் செதுக்கிய மாதிரி என்று ஜெயிலுக்கே போய்ச் சொல்லிவிட்டு வந்தேன்.

அந்த நாளும் வந்தது. மாஜிஸ்திரேட் கன்னடத்தில் படித்துவிட்டு, "தப்பு ஒப்பிக்கொள்தீரா?" என்றார். குற்றத்தை ஒத்துக்கொள்கிறீர்களா என்று கேட்கிறார். தனபால் நிமிர்ந்து பார்த்து, "தப்பாய்த்து சாமி" என்றார். நான் துள்ளி எழுந்தேன். இது இவர் வாய்ப்பழக்கம், காலை மிதித்தாலும் இதைத்தான் சொல்வார், பதிவு செய்யாதீர்கள் என்று பதறினேன். மாஜிஸ்திரேட் நல்லவர். பேனாவைக் கீழே வைத்துவிட்டுத் தமிழிலேயே கேட்டார்: "உங்க வக்கீல் வேண்டாங்கறாங்க. யோசிச்சு சொல்லுங்க. நீங்க எடுத்தீங்களா?" தனபால் என் பக்கம் திரும்பவே இல்லை.

"எடுத்தேன் சாமி."

நம்பர்

இதுவரை உள்ளே இருந்ததே தண்டனை, வீட்டுக்குப் போகலாம் என்று தீர்ப்பு. ஒத்துக்கொண்டு வாங்கிய தண்டனைக்கு அப்பீலும் கிடையாது. வராந்தாவில் செல்வி கண்ணைத் துடைத்துக்கொண்டு சிரித்தாள். கூட வந்த கான்ஸ்டபிளுக்கும் சந்தோஷம்தான். "நம்பர் மாத்திடாதே தனபாலு, ஏதாச்சும் காணாமப் போனா கூப்பிடுவோம்" என்று தோளில் தட்டினார். இனி ரிச்சர்ட்ஸ் டவுனில் யாரும் அவரிடம் சாவி கொடுக்கப்போவதில்லை. பழகிய வாய் என்று நான் நினைத்தது தப்பு, அவர் தெரிந்தேதான் சொல்லியிருக்கிறார் என்று அப்போதுதான் உறைத்தது. ஆத்திரமும் அழுகையுமாக, "ஏன் தனபால்? இத்தனை சொன்னேனே!" என்றேன்.

"கோச்சுக்காதீங்க மேடம்" என்றார். "ஜெயில்ல உள்ள இருக்கிறவங்க சொன்னாங்க. இல்லன்னு சொன்னா அடுத்த தேதி, ஆமான்னு சொன்னா வீடு. எத்தனை தேதிக்குத்தான் இவ வாசல்ல நிப்பா?" செல்வி கையிலிருந்த பையை வாங்கிக்கொண்டு, ஏதோ எனக்கு ஆறுதல் சொல்கிறவர் மாதிரி சொன்னார்:

"எப்பவும் என்ன தப்புன்னு தெரியாமதான் மேடம் தப்பாய்த்து சொல்லுவேன். இன்னிக்கு ஒரு நாள்தான் கேட்டுத் தெரிஞ்சுக்கிட்டு சொன்னேன்."

வாயை மூடிக்கொண்டிருக்கும் உரிமை இந்த நாட்டில் எல்லாருக்கும் உண்டு, இந்த வழக்கில் அதை முழுசாக அனுபவித்தவர் கார்க்காரர் ஒருவர்தான்.