சுரண்டச் சுரண்டப் பச்சை

ஞானசுந்தரிக்கு வெயில் ஆகாது. கேட்டால் சிரிப்புதான் வரும். உத்திரமேரூர் பக்கத்துக் காலனியில் பிறந்து, சின்ன வயதிலேயே அடுத்தவர் கழனியில் நாற்று நட்டு, களை பறித்து, கதிர் அறுத்து வளர்ந்தவளுக்கு வெயில் ஆகாதாம்! ஆனால் அதுதான் உண்மை. ஒரு சித்திரையில் செங்கல் சூளையில் கல் சுமந்துகொண்டிருந்தவள் அப்படியே சுருண்டு விழுந்தாள். வாயில் நுரை தள்ளியது. செங்கல்பட்டு ஆஸ்பத்திரியில் கண் விழித்தபோது டாக்டர் கறாராகச் சொல்லிவிட்டார், இனி வெயிலில் வேலை செய்தால் அடுத்த முறை இங்கே தூக்கிவர வேண்டிய அவசியமே இருக்காது என்று. பக்கத்தில் நின்ற புருஷன் ஐசக் அதைக் கேட்டுவிட்டு, "அப்போ இவள வெச்சிக்கினு நான் இன்னா பண்றது?" என்றான். கொஞ்ச நாளில் வேலைக்கென்று மறைமலைநகர் பக்கம் போனான். போனவன் போனவன்தான்.

கழனி, சூளை, நூறு நாள் வேலை, எதற்குப் போனாலும் தலைக்கு மேல் வெயில். கூலிக்காரிக்கு நிழலில் வேலை எவன் கொடுப்பான்? அந்த வட்டாரத்தில் ஒரே ஓர் இடம் இருந்தது. வந்தவாசி சாலையில் கல்பனா நடத்திய நர்சரியின் குளிர்க்கூடம்.

கல்பனா நிலம் நீச்சு உள்ள குடும்பத்துப் பெண். அப்பாவின் நெல்வயலை மண்ணடித்து மேடாக்கி, ஓட்டல்களுக்கும் கல்யாண மண்டபங்களுக்கும் அழகுச் செடி வளர்த்து அனுப்பினாள். குளிர்க்கூடத்தில் ஒரு சுவர் முழுக்கத் தண்ணீர் ஒழுகும் ஈர அட்டை, எதிர்ச் சுவரில் பெரிய பெரிய மின்விசிறி, மேலே பனி போலத் தூவும் குழாய். உள்ளே வரிசை வரிசையாக ஆந்தூரியம். வெளியே ஊரே வேகும்போது உள்ளே ஏற்காடு. ஞானசுந்தரி அந்தக் கூடத்தில் வேலைக்குச் சேர்ந்தபோது, கர்த்தர் தனக்கென்றே கட்டிவைத்தது என்று நினைத்தாள். பாவம், அப்படித்தான் நினைத்தாள். நர்சரியில் மற்றவர்களுக்கு எவர்சில்வர் டம்ளரில் டீ, காலனி ஆட்களுக்கு மட்டும் காகிதக் கப். கேட்டால் சுத்தம் என்பாள் கல்பனா. ஞானசுந்தரி கேட்டதில்லை. நிழல் கிடைக்கிறதே, கப்பு எதுவாக இருந்தால் என்ன என்று குடித்துவிட்டுப் போய்விடுவாள்.

போன வருஷம் ஏற்காட்டிலிருந்து ஒரு லாரி செடி வந்தது. மலிவாகக் கிடைக்கிறதென்று கல்பனாவே போய்ப் பார்த்து வாங்கியது. அதில் சில தொட்டிகளில், மண்ணின் மேல் தட்டையாகப் பச்சைப் பச்சையாக ஏதோ ஒட்டிக்கொண்டிருந்தது. இலையும் இல்லை, தண்டும் இல்லை. நாடா நாடாவாகக் கவை கவையாகப் பிரிந்து படரும் பச்சைத் தோல். ஞானசுந்தரி அன்றைக்கே காட்டினாள்.

"மேடம், இது இன்னாமோ புதுசாக் கீது. இந்தத் தொட்டிய மட்டும் வெளிய வெச்சிடலாமா?"

"பாசிக்கு இவ்ளோ பேஜார் பண்றியா நீ? சுரண்டி எடு. தொட்டியில கீற தேங்கா நார்த்தூள வீணாக்காத. சலிச்சி மறுபடியும் கலவையில போடு."

போட்டாள். தினமும் பழைய ரம்பத் துண்டை வைத்துச் சுரண்டினாள், சுரண்டியதைச் சலித்துக் கலவையில் போட்டாள், ஓஸ் பைப்பைப் பிடித்துப் பெஞ்சை அலசினாள். கூட வேலை செய்த திலகா பக்கத்தில் நின்று சல்லடை பிடித்தாள். திலகாவும் காலனிதான், ஞானசுந்தரி சொல்லி வேலைக்குச் சேர்ந்தவள். சுரண்டச் சுரண்ட அந்தப் பச்சை அடங்கவில்லை. ஒரு பெஞ்சில் இருந்தது கூடம் முழுக்க ஆனது. தை மாதம், சென்னை ஓட்டல் ஒன்று தொட்டியெல்லாம் பச்சை பிடித்திருக்கிறதென்று ஒரு லோடைத் திருப்பி அனுப்பியது.

கல்பனா ஆடினாள் பாருங்கள் ஒரு ஆட்டம்! "நீ தொட்ட தொட்டியெல்லாம் பச்ச புடிக்குதுடி. ஒங் கையில இன்னா கீது? மாசிக்குள்ள இது போவல, நீ போயிடு!"

அன்றைக்கு ராத்திரி ஞானசுந்தரிக்குச் சோறு இறங்கவில்லை. சூளை கண்ணுக்கு முன்னால் வந்து நின்றது. ஆனால் ஒரு நம்பிக்கை இருந்தது. பச்சை வந்தது மலை லாரியில். படித்தவர் ஒருத்தர் வந்து பார்த்து அதைச் சொல்லிவிட்டால் போதும், பழி விலகிவிடும்.

மாசி பிறந்ததும் படித்தவரும் கிடைத்தார். செந்தமிழன் என்று ஒருத்தர், கல்லூரியில் தாவரவியல் வாத்தியார், ஏரி உள்வாயில் குந்திக்கொண்டு சேற்றைப் பூதக்கண்ணாடியால் பார்க்கிற மனிதர். ஊரில் எல்லாரும் அவரைக் கழன்ற கேஸ் என்பார்கள். ஞானசுந்தரி தலையில் முந்தானையைப் போட்டுக்கொண்டு விடிகாலையிலேயே போய் அவரைப் பிடித்தாள். அவள் கொண்டுபோன பச்சைத் துண்டைப் பார்த்ததும் மனிதர் துள்ளிக் குதிக்காத குறை.

"இது பாசி இல்லம்மா! ஈரல் மாதிரி மடல் மடலா இருக்கறதால இந்தக் கூட்டத்துக்கே லிவர்வொர்ட்னு பேரு. வேர் இல்ல, தண்டு இல்ல, எல இல்ல. இதுல ஆயிரக்கணக்குல வகை. இதோ, ஒங்க காலடியிலயே ஒண்ணு இருக்கு."

காய ஆரம்பித்த சேற்றில் சாம்பல் நிறத்தில் என்னவோ சுருண்டு கிடந்தது. வாத்தியார் பாட்டிலைச் சாய்த்து நாலு சொட்டு ஊற்றினார். கொஞ்ச நேரத்தில் அது விரிந்து, கவைத்த மடல்களோடு சின்ன வட்டமாய்ப் பச்சையாகிவிட்டது.

"இது ரிக்சியா, நம்ம ஊர்ச் செடி. வெயில் வந்தா சுருண்டுக்கும், மழை வந்தா எழுந்துக்கும். நீங்க கொண்டுவந்தது மார்கான்ஷியா, மலைச் செடி. ஈரமும் நெழலும் இல்லேன்னா அது செத்துடும்."

"வெயிலத் தாங்குதே, குடுத்து வெச்ச செடி சார் இது," என்றாள் ஞானசுந்தரி. அவர் அதைக் காதில் வாங்கவில்லை.

மறுநாள் குளிர்க்கூடத்தில் வாத்தியார் முட்டி போட்டுப் பெஞ்சு பெஞ்சாகப் பார்த்தார். அடடா, அடடா என்று போட்டோ எடுத்துத் தள்ளினார். கல்பனா கையைக் கட்டிக்கொண்டு நின்றாள்.

"இது மலைத் தொட்டியிலதான் வந்திருக்கணும் மேடம். இந்த ஊர்ல தானா மொளைக்காது," என்றார்.

ஞானசுந்தரிக்கு உயிர் வந்தது. கல்பனா அசையவில்லை.

"வந்தது நாலு தொட்டியில சார். கூடம் முழுக்கப் போனது எப்படி? காத்துலயா?"

"இல்லீங்க, அதான் அதிசயமே! பாருங்க, அங்கங்க சின்னக் குடை நிக்குது. வெரல் வெரலா இருந்தா பொண்ணு, தட்டையா இருந்தா ஆணு. இங்க இருக்கறது எல்லாம் பொண்ணு. ஆண் செடி ஒண்ணுகூட வரல. ஆண் இல்லாம வித்துத்தூள் உண்டாகாது, காத்துல பறக்க வழியே இல்ல."

ஆம்பளை இல்லாமலே பிழைக்கிறதா என்று ஞானசுந்தரிக்குச் சிரிப்புகூட வந்தது. அந்தத் தெம்பில்தான் வாயைத் திறந்தாள். திறந்திருக்கவே கூடாது.

"நான் தெனமும் சுரண்டிக்கினுதான் சார் கீறேன். ஒரு நாள் வுட்டதில்ல. மேடத்துக்கு நீங்களே சொல்லுங்க சார்."

"ஐயையோ, சுரண்டவே கூடாதும்மா!" வாத்தியார் உற்சாகமாக எழுந்து நின்றார். "ஒடைஞ்ச துண்டு ஒவ்வொண்ணும் தனிச் செடியாயிடும். மேல குட்டிக் கிண்ணம் இருக்கு பாருங்க, அதுக்குள்ள மொட்டு. ஓஸ்ல தண்ணி அடிச்சா எல்லாம் தெறிச்சுப் பக்கத்துத் தொட்டியில போய் விழும். இங்க பரவுனது பூரா அப்படித்தான்."

கல்பனா மெதுவாகத் திரும்பினாள். "கேட்டுக்கினியா? காத்தும் இல்ல, மலையும் இல்ல. நீதான்."

"மேடம், நீங்கதான சுரண்டச் சொன்னீங்க! சலிச்சிக் கலவையில போடச் சொன்னதும் நீங்கதான! திலகாவக் கேளுங்க, அவளும் கூட இருந்தா!"

திலகா சல்லடையோடு மூலையில் நின்றிருந்தாள். கல்பனா அவளைப் பார்த்த பார்வையில் கேள்வியே இல்லை, பதில் மட்டும்தான் இருந்தது.

"எனக்கு ஒண்ணும் தெரியாது மேடம்," என்றாள் திலகா. "அக்காவாத்தான் போட்டுச்சி."

அடிப்பாவி! பொய் சொல்லும்போது தலையைக்கூடக் குனியவில்லை.

"பையை எடுத்துக்கினு கெளம்பு," என்றாள் கல்பனா. "திலகா, நாளைலேர்ந்து கூடம் ஒன் பொறுப்பு. போய் சாருக்கு டீ போட்டுக் கொண்டா." சொல்லிவிட்டு ஆபீஸ் அறைக்குள் போனாள். போகும்போது, "டம்ளர்ல," என்றாள்.

வாத்தியார் மண்ணைத் தட்டிவிட்டுக்கொண்டு நின்றார். நடந்தது அவருக்குப் பாதி புரிந்தது, பாதியைப் புரிந்துகொள்ள அவருக்கு நேரமில்லை. "கவலப்படாதீங்கம்மா, இத ஒழிக்கறது சுலபம்," என்றார், என்னவோ அதுதான் அவள் கவலை என்பது போல. "ஒடையாம முழுத் தகடா உரிச்சி எடுத்து எரிச்சிடணும். தண்ணிய மேல ஊத்தாம அடித்தட்டுல ஊத்தணும். மேல் மண்ணு காஞ்சாலே செத்துடும்." இதைக் கேட்டது ஞானசுந்தரி ஒருத்திதான்.

மாசி வெயில் கேட்டுக்கு வெளியே கொதித்துக்கொண்டிருந்தது. ஞானசுந்தரி சோற்று டப்பாவைப் பையில் போட்டுக்கொண்டு கேட்டருகே வந்தபோது பின்னால் திலகா ஓடிவந்தாள்.

"யக்கா, மன்ச்சிக்கோக்கா. எனக்கும் வேற வழி இல்லக்கா. ரெண்டு பொட்டப் புள்ளைங்கள வெச்சிக்கினு நான் எங்க போவேன்? இந்தப் பச்சய ஒழிக்கலன்னா என்னையும் தொரத்திடும்க்கா அது. அந்த சாரு ஒன்னாண்ட இன்னாமோ சொல்லிக்கினு இருந்தாரே. எப்படிக்கா போக்கறது?"

ஞானசுந்தரி அவளைப் பார்த்தாள். அழுது வீங்கின முகம். நடிப்பில்லை. பயம், உண்மையான பயம். அந்தப் பயம் எப்படி இருக்கும் என்று ஞானசுந்தரிக்குத் தெரியாதா? ஒரு வார்த்தை சொன்னால் இவள் பிழைத்துக்கொள்வாள். அந்த வார்த்தை நாக்கு நுனிவரைக்கும் வந்தது. "அக்காவாத்தான் போட்டுச்சி" என்ற குரலும் கூடவே வந்தது.

திலகாவின் கண்ணைத் தன் முந்தானையால் துடைத்துவிட்டாள்.

"அழுவாத. சுரண்டக் கூடாது, ஓஸ் அடிக்கக் கூடாதுன்னு அந்த ஆளு மேடத்துக்கு எதுரக்க சும்மா சொன்னாரு. நான் ஆழமா சுரண்டலியாம், அதான் தப்பாப் போச்சாம். நீ நல்லா அழுத்திச் சுரண்டு, பொடிப் பொடியா ஆவுற மாதிரி. அப்பறம் ஓஸ வெச்சிக்கினு மேலேர்ந்து நல்லா பீச்சி அடி. தெனமும் அடி."

"நீ நல்லா இருக்கணும்க்கா," என்று திலகா கையெடுத்துக் கும்பிட்டுவிட்டு உள்ளே ஓடினாள்.

ஞானசுந்தரி முந்தானையைத் தலையில் போட்டுக்கொண்டு ரோட்டில் இறங்கினாள். புளியமரம் வரைக்கும் போவதற்குள் பின்னால் குளிர்க்கூடத்தில் ஓஸ் பைப்பைத் திறந்துவிட்ட சத்தம் கேட்டது.