அடியில் வைத்த கிழங்கு

காளிச்சாமி செத்த பதினாறாம் நாள் காலையில் அவன் பெண்டாட்டி ராமாத்தாள் அடுப்பில் வடச்சட்டியை வைத்தாள். துக்க வீட்டில் அதுவரை எண்ணெய் காயக் கூடாது. பதினைந்து நாளும் சோறும் ரசமும் உறவுக்காரர்கள் வீட்டிலிருந்து வந்தன. யார் என்ன கொண்டுவந்தார்கள் என்று கேட்டால் அவளுக்குச் சொல்லத் தெரியாது.

பெரியநாயக்கன்பாளையத்தில் மோகன்குமார் நடத்தும் மெஸ்ஸில் பதினான்கு வருடமாக மதியச் சாப்பாட்டுக்குச் சேப்பங்கிழங்கு வறுப்பது அவள்தான். குழைய விடாமல் வேகவைத்து, தோல் உரித்து, உள்ளங்கையால் லேசாகத் தட்டி, ஃபேனுக்கு அடியில் ஆறப்போடுவாள். பிறகு அரிசி மாவும் மிளகாய்த் தூளும் பிரட்டி இரண்டு தடவை பொரிப்பாள். ருசி பார்க்க மாட்டாள். ஜல்லிக் கரண்டியில் அள்ளிக் குலுக்கினால் கேட்கும் சத்தம் போதும். பக்கத்துப் பட்டறை ஆட்கள் ரசத்தை விட்டாலும் கிழங்கை விடமாட்டார்கள். அவளைப் பற்றி நாலு பேர் சொல்ல அந்த ஒன்றுதான் இருந்தது.

"தம்பிக்கு உன்ற கிழங்குன்னா உசுரு. படையல்ல அது இல்லாம இருக்கக் கூடாது அம்மணி," என்றாள் பூவாத்தாள். காளிச்சாமியின் அக்கா. முந்தின நாளே காங்கேயத்திலிருந்து வந்திருந்தாள்.

"சரிங்க நங்கையா."

உசுருதான். ஆனால் மூன்று வருடமாக அவனால் அதைக் கடிக்க முடியவில்லை. கடைவாயில் இரண்டு பக்கமும் பல் போய்விட்டது. ஐம்பத்தாறு வயதில் பொக்கை வாய் என்று சிரிப்பார்கள், செத்தாலும் அக்காவிடம் சொல்லிவிடாதே என்று அவளிடம் சத்தியம் வாங்கியிருந்தான். அக்கா வந்தால் வயிறு நிறைந்துவிட்டது என்று தட்டை ஒதுக்குவான். மற்ற நாட்களில் மெஸ்ஸில் மிஞ்சியதை அவள் டப்பாவில் கொண்டுவருவாள். அவன் அதைத் தயிர்ச் சோற்றுக்குள் புதைத்து, மூடிவைத்து, டிவியில் நியூஸ் முடியும்வரை காத்திருப்பான். பிறகு நசுக்கித் தின்பான்.

கூடத்தில் பெண்கள் பேசுவது கேட்டது. தாழ்ந்த குரல்தான்.

"ஒரு சொட்டுக் கண்ணீர் உட்டாளா?"

"கல்லாட்டம் இருக்கறா."

ராமாத்தாள் அடுத்த ஈட்டைப் போட்டாள். அவர்கள் சொல்வது சரி என்றுதான் அவளுக்கும் பட்டது. எண்ணெய் தெறித்து மணிக்கட்டில் விழுந்தது. கையை இழுக்க வேண்டும் என்று கொஞ்சம் கழித்துத்தான் தோன்றியது.

மொறுமொறுவென்று வைத்தால் அவனால் தின்ன முடியாது. ஊறவைத்து வைத்தால் ஏன் என்று கேட்பார்கள். வேறு எதுவும் அவள் மனதில் ஓடவில்லை.

"நங்கையா, எலை பின்னாடி தொட்டிகிட்ட இருக்குதுங்க. கழுவிக் கொண்டாறீங்களா?"

பூவாத்தாள் போனதும் ஒரு கை கிழங்கை அள்ளித் தயிருக்குள் அமுக்கி மூடினாள். இலை வந்தது. மற்றச் சமையலும் முடிந்து எல்லாம் பரிமாறும்போது ஊறியதை அடியில் வைத்து மேலே தயிர்ச் சோற்றைக் குவித்தாள். இலை ஓரத்தில் மொறுமொறுப்பானதை வைத்தாள். கற்பூரம் காட்டினார்கள். எல்லோரும் விழுந்து கும்பிட்டார்கள். அவளும் விழுந்தாள்.

படையல் சோற்றை ஆளுக்கு ஒரு கவளம் கொடுக்கப் பூவாத்தாள் பிசைந்தாள். கை நின்றது.

"என்ன அம்மணி இது? மேல இருக்கறது நல்லா இருக்குது. அடியில கொழகொழங்குது."

கூடத்துப் பெண்கள் இலைப் பக்கம் எட்டிப் பார்த்தார்கள்.

"மொத ஈடுங்க. எண்ணெ காயறதுக்குள்ள போட்டுப்போட்டேன்."

"பதினாலு வருஷமா மெஸ்ஸுக்கே வறுக்கறவ நீயி."

"தப்புத்தானுங்க."

பூவாத்தாள் அவள் முகத்தையே பார்த்தாள். "உடு கண்ணு. மனசு நிக்காதப்ப கை எங்க நிக்கும்," என்று முந்தானையை வாயில் அடைத்துக்கொண்டு அழுதாள். மற்றவர்களும் அழுதார்கள். கல் என்று சொன்னவள் எழுந்துவந்து ராமாத்தாளின் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டாள். எண்ணெய் பட்ட இடம். ராமாத்தாள் கையை எடுக்கவில்லை.

அவள் பங்குக் கவளத்தைப் பூவாத்தாள் இலையிலிருந்து அள்ளிக் கொடுத்தாள். அதில் ஊறிய கிழங்கு ஒன்று இருந்தது. ராமாத்தாள் நாக்கால் அழுத்தினாள். கரைந்துவிட்டது. பல்லே படவில்லை.