கழுகுக்குக் கம்பளி போர்த்திய பயணம்

2006, பிப்ரவரி கடைசிச் சனிக்கிழமை. காலை 5.10.

ஆஸ்லோவின் தென்கோடியில் இருக்கும் ஹொல்ம்லியா குடியிருப்பிலிருந்து கிளம்பும்போது வெளியே மைனஸ் பதினான்கு. வெள்ளை வேனின் பின்பகுதியில் இடுப்புயரப் பலகைப் பெட்டி ஒன்றைப் பட்டையால் இறுக்கிக் கட்டியிருந்தோம். உள்ளே ஒரு கடல் கழுகு. அமெரிக்க டாலர் தாளில் சிறகு விரித்து நிற்கிறதே வெண்தலைக் கழுகு, அதற்கு ஒன்றுவிட்ட சகோதரி என்று வைத்துக்கொள்ளுங்கள். அதற்குத் தலை வெள்ளை, இவளுக்கு வால் வெள்ளை.

அக்டோபரில் மின்கம்பியில் மோதி இறக்கை ஒடிந்து கிடந்தவளை ஆஸ்லோவில் ஒரு பறவை மருத்துவர் நான்கு மாதம் வைத்துத் தேற்றியிருந்தார். இப்போது அவளை மேற்குக் கடற்கரையில், பூத் என்ற மீனவ ஊருக்குப் பக்கத்துப் பாறையில் கொண்டுபோய் விடவேண்டும். ஐந்நூற்று நாற்பது கிலோமீட்டர் சொச்சம். அவளுடைய ஆண் துணை அங்கே தனியாக இருக்கிறது. அடுத்த மாதம் முட்டையிடும் காலம் தொடங்கும். அதற்குள் போய்ச் சேராவிட்டால் கூட்டில் வேறொருத்தி குடியேறிவிடுவாள்.

கொண்டுபோக வேண்டிய ஆளுக்குக் காய்ச்சல். ஆகவே பொறுப்பு, அந்த மருத்துவருக்கு வழக்கமாகச் சாமான்கள் கொண்டுபோய்க் கொடுக்கும் ரெஜினா அக்காவிடம் வந்தது. அக்கா இலங்கை மன்னார்க்காரர், என் மாடிக்கு மேல் மாடி, சொந்த வேன். நான் நாகர்கோவிலிலிருந்து கம்ப்யூட்டர் வேலைக்கு வந்தவள். பேச்சுத்துணைக்குத்தான் கூப்பிட்டார்.

"எனக்கு நித்திரை வராமல் பாத்துக்கொள்ளும். ஆனால் மெல்லமாக் கதையும், பிள்ளை. அதுக்குச் சத்தம் கூடாதாம்."

மருத்துவர் தாளில் எழுதிக் கொடுத்தவை நான்கு: சத்தம் வேண்டாம், வெளிச்சம் வேண்டாம், தீனி வேண்டாம், பெட்டியைத் திறக்க வேண்டாம். நான்கையும் வேதவாக்காகப் பிடித்துக்கொண்டோம். ஐந்தாவதாக ஒன்றை நாங்களே சேர்த்துக்கொண்டோம்.

"பாவம், இந்தக் குளிருக்கை விறைச்சுப் போகுமெல்லே?" என்று அக்கா ஹீட்டரை முழுதாகத் திருகினார். நான் என் கம்பளியை எடுத்து, காற்றுத் துளைகளை மட்டும் விட்டுவிட்டுப் பெட்டியைச் சுற்றினேன். வீட்டுக்கு வருகிற எவரையும் முதலில் "குளிருதோ?" என்று கேட்கிற கூட்டம் நாங்கள்.

7.45. லில்லஹாமர், 185 கிலோமீட்டர். காப்பி பதினெட்டு குரோன், வெந்நீர் மாதிரி. வேனுக்குள் வந்ததும் கோட்டைக் கழற்றினேன். ஊரில் தை மாதம்போல் இதமாக இருந்தது. பின்னாலிருந்து சத்தமே இல்லை. நல்ல பிள்ளையாகத் தூங்குகிறாள் என்று சொல்லிக்கொண்டோம்.

10.20. டோம்போஸ். எஞ்சினை நிறுத்தியதும்தான் கேட்டது. கோடையில் நாய் இரைக்குமே, அந்த இரைப்பு. துளை வழியாகப் பார்த்தேன். வாய் பிளந்திருந்தது, இறக்கைகள் இரண்டும் தொங்கிக் கிடந்தன.

"மாதாவே! அவிச்சுப் போட்டம் பிள்ளை, நாங்கள் அவிச்சுப் போட்டம்!"

அக்கா மருத்துவரைப் போனில் கூப்பிட்டார். வேனுக்குள் எத்தனை டிகிரி என்று கேட்டாராம். இருபத்தாறு என்று அக்கா பார்த்துச் சொன்னார். அவர் சொன்னதை அக்கா எனக்குச் சொன்னார்: கம்பளியை எடு, கதவுகளை விரியத் திற. அரை மணிக்குள் வாய் மூடாவிட்டால் ஆஸ்லோவுக்கே திருப்பு. சோர்ந்த பறவையைக் கடலோரம் விட்டால் செத்துப்போகும்.

வேனைச் சூடாக்காதே என்று ஏன் எழுதவில்லை என்று எனக்குக் கோபம் வந்தது. எந்த நார்வேக்காரருக்கும் அது எழுதவேண்டிய விஷயமாகத் தோன்றியிருக்காது. புயலில் பாறைமேல் உட்கார்ந்திருக்கிற பறவைக்குக் கம்பளி போர்த்த எங்களைவிட்டால் ஆள் ஏது?

மைனஸ் பதினொன்றில் கதவைத் திறந்துவைத்துக்கொண்டு நின்றோம். அக்கா ஜெபமாலையை எடுத்தார். நான் கடிகாரத்தையும் துளையையும் மாறி மாறிப் பார்த்தேன். இருபத்தேழாவது நிமிடம் வாய் மூடியது. பெருமூச்சு விடக்கூடப் பயமாக இருந்தது.

அங்கிருந்து ஹீட்டர் இல்லை, கண்ணாடிகள் கீழே. அந்தக் கம்பளி எங்கள் மடிக்கு வந்தது. ரூம்ஸ்டால் பள்ளத்தாக்கின் செங்குத்து மலையைப் பார்க்க உலகமே வருகிறது. நான் பார்த்தது, குளிரில் கண்ணீர் வழிய, ஏதோ கறுப்பாக ஒன்று. பத்து நிமிடத்துக்கு ஒருமுறை அக்கா கேட்பார், "வாய் மூடியிருக்கோ?" "மூடியிருக்கு, அக்கா."

12.50. ஓஃபர்னெஸ் படகுத்துறை. வண்டிகளையும் ஏற்றிப்போகும் படகில் பக்கத்து லாரிக்காரர் எங்கள் நீல உதடுகளைப் பார்த்து, கண்ணாடி உடைந்துவிட்டதா என்று கேட்டார். உள்ளே விருந்தாளி இருப்பதாக அக்கா பதில் சொன்னார். அவர் பிறகு எங்களைப் பார்க்கவே இல்லை.

2.50. பூத். சாலையோரம் காத்திருந்தவர் ஆர்னே, ஆடு வளர்ப்பவர். இவளை அன்று கண்டெடுத்தவர். அவருடைய அப்பா கழுகைச் சுட்டு அரசாங்கத்திடம் பரிசு வாங்கியவராம். ஆட்டுக்குட்டியைத் தூக்கிவிடும் என்று அந்தக் காலத்தில் எல்லோரும் சுட்டார்கள். அறுபத்தெட்டில் சட்டம் வந்து தடுத்த பிறகுதான் இந்த இனம் மெல்லத் தலையெடுத்தது. கையுறையைப் பிசைந்துகொண்டே அவர் இன்னொன்றும் சொன்னார். அக்காவின் முகம் விழுந்துவிட்டது.

"பத்து நாளாய் வேறை ஒரு பெட்டை வந்து சுத்துதாம். ஆணுக்குப் பக்கத்திலை அது இருந்ததை இவர் பாத்தவராம்."

பெட்டியைப் பனிமேல் வைத்து ஆர்னே கதவைத் தூக்கினார். அவள் வரவில்லை. ஒரு நிமிடம், இரண்டு நிமிடம். எங்கள் சூடுதான் அவளை முடித்துவிட்டது என்று நான் முடிவே கட்டிவிட்டேன்.

பிறகு மஞ்சள் அலகு வெளியே வந்தது. நிதானமாக நடந்து வந்தாள். பனியைக் கொத்தி விழுங்கினாள், மறுபடி கொத்தினாள். தாகம்! சட்டென்று நாலைந்து தத்தல், கதவளவு இறக்கை விரிந்தது. சரிவில் இறங்கி அலைக்கு ஒரு முழம் மேலே போனவளைக் காணவில்லை. அக்கா சிலுவை போட்டுக்கொண்டார். கருடனைக் கண்டால் ஊரில் செய்வதுபோல் என் கை தன்னால் கன்னத்துக்குப் போயிற்று.

அப்பால், நீருக்கு மேலே எழுந்தாள். நேரே கூடு இருந்த பாறைக்குப் போனாள். உச்சியில் ஒரு கழுகு தனியாக உட்கார்ந்திருந்தது. அதற்குப் பத்துப் பன்னிரண்டு அடி தள்ளி இறங்கினாள். அது அசையவில்லை. நாங்களும் அசையவில்லை. பின் அது ஒரு அடி நகர்ந்தது. இரண்டும் தலையை அண்ணாந்து ஒரே நேரத்தில் கத்தின, சண்டைக்காரர்கள்போல.

ஜோடி சேர்ந்தால்தான் அப்படிக் கத்தும் என்றார் ஆர்னே. மற்றவள் வந்தால்? அதை அவர்களே பார்த்துக்கொள்வார்கள் என்று தோளைக் குலுக்கினார்.

"ஒருக்காலாவது திரும்பிப் பாத்ததோ? நன்றி கெட்டது," என்று அக்கா மூக்கை உறிஞ்சினார். கண்ணெல்லாம் சிரிப்பு.

எங்கள் ஊரில் யாரை வழியனுப்பினாலும் தெருமுனையில் நின்று ஒருமுறை திரும்பிப் பார்ப்பார்கள். பார்க்காமல் போனால் வருத்தம். இவள் பார்க்கவில்லை. வேனை எடுத்த பிறகு, வளைவு வரும்வரை, நாங்கள்தான் மூன்று முறை திரும்பிப் பார்த்தோம்.