மூன்றாம் லைனில் மட்டும் கரண்ட் இல்லை

தரவுப் பகுப்பாய்வு என்பது, மேலே இருப்பவர்கள் ஏற்கெனவே எடுத்துவிட்ட முடிவுக்கு வண்ணம் அடித்துத் தரும் தொழில். எக்செல் பார்த்துக் கண் எரிந்தவர்களே, "அந்தச் சிவப்பைக் கொஞ்சம் பச்சையாக்க முடியுமா" என்று கேட்கப்பட்டவர்களே, உங்களுக்குத்தான் இதை எழுதுகிறேன். நீங்கள்தான் சிரிக்காமல் படிப்பீர்கள்.

தேர்வாய் கண்டிகையில், கார் கதவைச் சுற்றி மழைத்தண்ணீர் உள்ளே வராமல் ஒட்டும் ரப்பர் பட்டை செய்கிற தொழிற்சாலையில் எனக்கு வேலை. என் குரல் சின்னது. சிறுவயதில் வீட்டில் ராத்திரிக்கு ராத்திரி கதை சொல்வார்கள். 'உம்' கொட்டுவது மட்டும் என் பங்கு. குரல் அந்த அளவோடு நின்றுவிட்டது.

பஸ்சின் எதிர்காலம்

கம்பெனி பஸ் பழவேற்காட்டில் கிளம்பும். நான் பொன்னேரியில் ஏறுவேன். உள்ளே முக்கால்வாசி பெண்கள், ஏரிக்கரைக் குப்பங்களிலிருந்து வருகிறவர்கள். எல்லாருக்கும் மூன்றாம் லைனில், அதாவது மூன்றாவது மிஷின் வரிசையில் வேலை. நான் டிரைவர் ஏழுமலை அண்ணனுக்குப் பின் சீட்டில் உட்கார்வேன். அங்கேதான் என் குரல் யாருக்காவது கேட்கும்.

ஒருநாள் அவர், "கம்ப்யூட்டர்ல இன்னாதான் வேல பாக்கற நீ?" என்றார். போன மாதக் கணக்கைப் பார்த்து, வரப்போகும் மாதத்தில் எது ஓடும், எது ஓடாது என்று சொல்ல வேண்டும் என்றேன். கும்மிடிப்பூண்டி லெவல் கிராசிங்கில் வண்டியை நிறுத்திவிட்டு முழுசாகத் திரும்பிப் பார்த்தார். "அப்ப நம்ம பஸ்சு அடுத்த வருசம் ஓடுமா ஓடாதா, அத்த சொல்லு மொதல்ல."

சிவப்புத் துண்டு

அவர் கேட்ட கேள்வி அடுத்த வாரமே வீடியோ கூட்டத்துக்கு வந்துவிட்டது. எங்களிடம் மூன்று லைன்கள். முதல் இரண்டும் உள்ளூர் கார்களுக்கு. மூன்றாவது, ஜெர்மனியில் இருக்கும் ஒரே ஒரு வாடிக்கையாளருக்கு. சரக்கு தாமதமாக வருகிறது என்று அவர்கள் சலித்துக்கொண்டே இருந்தார்கள். சென்னைத் தலைமை அலுவலகத்தில் வியூகம் வகுக்கும் கௌதம் சார், மூன்றாம் லைனை வியட்நாமில் இருக்கும் எங்கள் புதுத் தொழிற்சாலைக்கு மாற்றிவிடலாம் என்றார்.

அவர் கையில் ஆதாரம் இருந்தது. மிஷின் நின்றால், ஏன் நின்றது என்று ஆபரேட்டர் தொடுதிரையில் அழுத்த வேண்டும். சாஃப்ட்வேர் அதையெல்லாம் திரட்டி ஒரு வட்டம் போடும். மூன்றாம் லைனின் வட்டத்தில் பாதிக்கு மேல் சிவப்பு: 'மின்தடை'. "டேட்டா தெளிவா இருக்கு. அந்த ஏரியால பவர் சரியில்ல. ஜெனரேட்டருக்கும் ஆர்டர் போட்டாச்சு, ஆனா அது வர வரைக்கும் கஸ்டமர் காத்திருக்க மாட்டான். நீ ஃபைனல் ரிப்போர்ட் ரெடி பண்ணு" என்றார். லைன் போனால் பஸ் போகும். பஸ் போனால் அந்தப் பெண்களை வீட்டில் வேறெங்கும் வேலைக்கு அனுப்ப மாட்டார்கள். நாற்காலியின் நுனிக்கு வந்தேன். "சார், எனக்கு ஒரு சந்தேகம், முதல் இரண்டு லைனில் மட்டும்..." என்று ஆரம்பித்தேன். திரையில் கௌதம் சார் காதருகே கையை வைத்தார். "ஹலோ? நீ மியூட்ல இருக்கப்பா."

நான் மியூட்டில் இல்லை.

பாபு அண்ணனின் மானம்

செய்தி எப்படித்தான் பரவுமோ. மதியச் சாப்பாட்டுக்குள் எலக்ட்ரீஷியன் பாபு அண்ணன் என் மேஜைக்கு வந்துவிட்டார். கையில் டெஸ்டர். குத்துவாரோ என்று ஒரு நொடி நினைத்தேன்.

"கரண்ட் சரியில்லன்னு நீதான் படம் வரைஞ்சியாமே?"

"நான் வரையலண்ணா, சாஃப்ட்வேர்..."

"இன்னா? சத்தமா பேசு. தப்பு பண்ணவன் மாதிரி முனகாத."

என் கையைப் பிடித்து பேனல் ரூமுக்கே இழுத்துப்போனார். கதவைத் திறந்து ஒவ்வொரு ஒயராகக் காட்டினார். எனக்கு ஒன்றும் புரியவில்லை என்பது அவருக்கும் புரிந்தது. அதனால் சுருக்கமாகவே முடித்தார். "மூணு லைனுக்கும் ஒரே எடத்துலேர்ந்துதான் ஒயர் போவுது. மூணாவதுங்கிட்ட மட்டும் கரண்ட் இன்னா கோச்சிக்கினு போயிடுச்சா?"

கடிகாரம் பார்க்கும் மின்வெட்டு

அன்றிலிருந்து எனக்கு இருப்புக் கொள்ளவில்லை. பஸ்சில் ஏழுமலை அண்ணன் கண்ணாடி வழியாகப் பார்ப்பார். நான் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொள்வேன். ரயில்வே கேட் மூடியிருந்தால்கூட, யாரோ என் முடிவுக்காகக் காத்திருப்பதுபோல் இருக்கும்.

மொத்தக் கணக்கையும் பிரித்துப் போட்டுப் பார்த்தேன். இந்த மின்வெட்டு ஒரு விசித்திரப் பிராணி. விடிகாலை ஷிப்ட் தொடங்கியதும் வரும், மதியம் போய்விடும். சாயங்காலம் தலைகாட்டாது. அதைவிட விசித்திரம், அக்டோபர் கடைசி ஞாயிறு தாண்டியதும் ஒரு மணி நேரம் கூடுதலாக நீண்டிருந்தது. நம் ஊரில் அந்த ஞாயிறு ஒன்றும் நடப்பதில்லை. ஐரோப்பாவில் நடக்கும். குளிர்காலத்துக்காகக் கடிகாரத்தை ஒரு மணி நேரம் பின்னால் தள்ளி வைப்பார்கள். ஜெர்மனி தாமதமாக எழுந்தால் தேர்வாய் கண்டிகையில் கரண்ட் தாமதமாக வருகிறது!

மூன்றாம் லைனுக்கு ஓடினேன். லைன் லீடர் மஞ்சுளா அக்கா மிஷின் பக்கத்தில் கையுறையோடு உட்கார்ந்திருந்தார். விளக்கு எரிந்தது, மின்விசிறி சுற்றியது, மிஷின் மட்டும் நின்றிருந்தது. திரையில் 'மின்தடை'.

"கரண்ட் இருக்கே அக்கா?"

"கரண்ட்டுக்கு இன்னா, அது நல்லாதான் கீது. டெய்லி மொத பீஸ் போட்டு, அளவு எடுத்து, போட்டோ புடிச்சி ஜெர்மனிக்கு அனுப்பிட்டோம். அவங்க ஓகே சொன்னாதான் மிச்சத்த ஓட்டணும், அது அவங்க ரூல். அவங்க எழுந்து, நாஷ்டா துன்னுட்டு, ஆபீசுக்கு வரணும்ல?"

"அப்புறம் ஏன் மின்தடைன்னு அமுக்கினீங்க?"

அக்கா திரையைக் காட்டினார். காரணங்கள் வரிசையாக இருந்தன. கீழே தள்ளினால் இன்னும் வரும். 'ஒப்புதலுக்குக் காத்திருப்பு' என்று ஒன்று எங்கேயும் இல்லை. "ரப்பர் கையுறை போட்டுக்கினு தள்ளுனா நகர மாட்டேங்குது சார். ஏதாவது ஒண்ண அமுக்கலன்னா அது கத்திக்கினே பேஜார் பண்ணுது. மேல இருக்கறது இதுதான்."

ரெட்டி சாரின் பயம்

ஆலை மேலாளர் ரெட்டி சார் சூலூர்பேட்டைக்காரர். எல்லாவற்றையும் கேட்டுவிட்டு, மேஜை மேலிருந்த ரப்பர் துண்டை முறுக்கிக்கொண்டே இருந்தார்.

"தாமதம் உன்னாலதான்னு கஸ்டமர்கிட்ட சொல்லணும்ங்கற."

"ஆமா சார்."

"சொல்லலன்னா லைன் போவும். சொன்னா கஸ்டமரே போயிடுவான்." அறைக்குள் இரண்டு முறை நடந்தார். ஜன்னல் வழியாக, நிழலில் நிற்கும் பஸ்சைப் பார்த்தார். "சரி, சொல்லு நைனா. ஆனா நீயே சொல்லு. உன் குரல்ல திட்டுனாகூட விசாரிக்கற மாதிரிதான் இருக்கும்."

ஒரே படம்

வீடியோ கூட்டத்தில், திரையின் ஒரு கட்டத்தில் ஜெர்மனியின் கொள்முதல் அதிகாரி கிளாரா, இன்னொன்றில் கௌதம் சார், மூன்றாவதில் நானும் ரெட்டி சாரும். மனப்பாடம் செய்துவைத்த ஆங்கிலம் முதல் வரியிலேயே காணாமல் போனது. கௌதம் சாரின் கை காதருகே போவதைப் பார்த்தேன். பேச்சை விட்டுவிட்டுப் படத்தைத் திரையில் போட்டேன்.

அதில் இரண்டே கோடுகள். ஒன்று, எங்கள் மின்தடை முடியும் நேரம். இன்னொன்று, கிளாராவின் அலுவலகம் திறக்கும் நேரம். இரண்டும் ஒன்றின்மேல் ஒன்றாகப் போயின. அக்டோபர் கடைசியில் இரண்டும் சேர்ந்தே ஒரு படி ஏறின. ரெட்டி சார் மேஜைக்கடியில் என் முழங்காலை அழுத்திக்கொண்டிருந்தார். கௌதம் சார் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

கிளாரா படத்தை நெருங்கி வந்து பார்த்தார். பிறகு ஆங்கிலத்தில் மெதுவாகக் கேட்டார்: "அப்படியானால், உங்கள் ஊருக்குக் காலையில் மின்சாரம் போடுவது நான்தானா?"

நான் 'உம்' கொட்டினேன். அது மட்டும் எல்லாருக்கும் கேட்டது.

பரிசு

முதல் பீசை இனி எங்கள் தரப் பிரிவே பார்த்து ஒப்புதல் தரலாம் என்று ஜெர்மனியிலிருந்து மெயில் வந்தது. வியட்நாம் விஷயத்தை அடுத்த ஆய்வுவரை தள்ளி வைத்திருப்பதாகக் கௌதம் சார் எழுதினார். ரத்து என்று எழுதவில்லை. அந்த மெயிலைப் பலமுறை படித்தேன். படிக்கப் படிக்க அது மாறவில்லை. விஷயம் தெரிந்த ஏழுமலை அண்ணன், "தள்ளிதானே வெச்சிக்கீறாங்க?" என்று மட்டும் கேட்டு கியரைப் போட்டார்.

மூன்றாம் லைன் விடிகாலையிலேயே ஓடத் தொடங்கிய வாரத்தில், டிரெய்லர் ஒன்றில் ஆர்டர் போட்ட ஜெனரேட்டர் வந்து இறங்கியது. வேறு இடம் இல்லாததால் பஸ் நிற்கும் நிழலில் வைத்தார்கள். பஸ் வெயிலுக்குப் போனது. பாபு அண்ணன் அதை ஏறிட்டும் பார்க்காமல், யாரோ தன்னை அடித்துவிட்டதுபோல் நடந்துபோனார். ஷிப்ட் முடிந்து வந்த மஞ்சுளா அக்கா, நீல நிறத்தில் யானைபோல நின்ற அதைச் சுற்றிவந்து பார்த்துவிட்டு, என் பக்கம் திரும்பினார். "ஏன் சார், இது ஓடலன்னா நான் எந்த பட்டன அமுக்கறது?"

அடுத்த ஆய்வு மார்ச் கடைசியில், ஜெர்மனி தன் கடிகாரத்தை மறுபடி முன்னால் தள்ளும் அதே வாரத்தில் வருகிறது. மின்வெட்டு நின்றதை ஜெனரேட்டரின் கணக்கில் எழுதி, "அந்த ஏரியால பவர் சரியில்ல" என்று கௌதம் சார் மறுபடி ஆரம்பித்துவிடுவாரோ என்று, இப்போதெல்லாம் நான் மின்வெட்டு இல்லாத நாட்களில்தான் தூக்கம் கெட்டுத் திரிகிறேன்.