பொன்னாடைகளுக்கு நடுவே ஒரு கண்ட்ரி பாடகர்

என் அண்ணரின் முப்பத்தோராம் நாள் அந்தியேட்டிச் சாப்பாடு முடிந்து, காருக்குப் போகும் வழியில் இந்த நினைவு மலர் உங்கள் கையில் தரப்பட்டிருக்கும். படங்களை மட்டும் பார்த்துவிட்டு மூடிவிடலாம். நகைச்சுவைக் கட்டுரை எழுதுபவன் என்று நான் சொல்லிக்கொண்டு திரிவதால், என் எழுத்தைப் பலரும் அப்படித்தான் நடத்துகிறார்கள். எனக்குப் பழகிவிட்டது.

அண்ணர் பருத்தித்துறையில் பிறந்தார். வீட்டில் இருவருக்கும் சங்கீத வகுப்பு. எனக்கு வரவில்லை, அவருக்கு வந்தது, பிடிக்கவில்லை. விமான விபத்தில் செத்துப்போன ஓர் அமெரிக்க மென்குரல் பாடகர், வானொலி வழியாக இலங்கையில் உயிரோடிருந்தவர்களைவிடப் பிரபலமாக இருந்த காலம் அது. அண்ணர் அவர் பாடிய கண்ட்ரி என்ற அமெரிக்க நாட்டுப்புறப் பாட்டில் விழுந்தார். "நாய் ஊளையிடுற மாதிரிக் கிடக்கு" என்றார் அப்பா. போர் வந்து எல்லோரையும் ஊளையிட வைத்தபோதுதான் அப்பா அந்தப் பேச்சை விட்டார். அண்ணர் அகதியாக நியூசிலாந்தின் ஆக்லாந்துக்கு வந்து, ஒடாஹுஹுவில் ஒரு குளிர்க் களஞ்சியத்தில் இறைச்சிப் பெட்டி தூக்கி, பிறகு பஸ் ஓட்டி ஓய்வு பெற்றார்.

நற்குணங்களை எழுதவேண்டிய இடம் இது. பொறுமை அவரிடம் இருந்ததில்லை. அடக்கமும் இல்லை. எந்தப் பிறந்தநாள் விழாவிலும், பிள்ளை கேக் வெட்டக் கத்தியைத் தூக்கும் வேளை பார்த்துத் தொடங்குவார்.

"உது வெள்ளைக்காரன்ரை பாட்டெண்டு நினைக்கிறியளோ? பிடில், ஸ்கொட்லாந்து அயர்லாந்துச் சனம் கப்பல்ல கொண்டு வந்தது. பான்ஜோ, ஆபிரிக்காவில இருந்து பிடிச்சுக்கொண்டு வந்த அடிமையளின்ரை. அழுகிற மாதிரி இழுபடுகிற ஸ்டீல் கிட்டார் ஹவாய்த் தீவின்ரை. தொப்பி மட்டும்தான் வியாபாரி வைச்சது."

"அண்ணை, மெழுகுதிரி உருகுது."

"உருகட்டும். நீ ஒருநாளும் ஒண்டையும் முழுசாக் கேட்டதில்லை. அதுதான் உன்ரை கட்டுரையும் அரைகுறையா இருக்கு."

பாடகர்களை அவர்கள் செத்த விதத்தை வைத்துத்தான் அண்ணர் வரிசைப்படுத்தினார். ரயில்வேத் தொழிலாளியாக இருந்து காசநோய் கண்ட ஒருவர், பதிவுக்கூடத்திலேயே கட்டில் போட்டு, ஒரு பாட்டுப் பாடிப் படுத்து, எழும்பி அடுத்ததைப் பாடி, சில நாளில் செத்தார். முப்பது வயதைக் காணாத இன்னொருவர் புத்தாண்டுக் கச்சேரிக்குப் போகும் காரின் பின்சீட்டில் விறைத்துப்போனார். இவர்களைப் பற்றிச் சொல்லும்போது அண்ணரின் முகத்தில் பொறாமை தெரியும்.

ஒடாஹுஹுவில் மாதம் ஒருமுறை கூடும் கண்ட்ரி கிளப்பில் அவர் ஒருவரே தமிழர். மற்றவர்கள் ஓய்வு பெற்ற லொறிச் சாரதிகள், செம்மறி மயிர் கத்தரித்தவர்கள். மெரே என்ற மாவோரிப் பெண்மணி அங்கே ஸ்டீல் கிட்டார் வாசிப்பார். பெயரைக் கூப்பிடுவார்கள், ஏறவேண்டும், சுருதியைச் சொல்லவேண்டும், பாடவேண்டும், இறங்கவேண்டும். அறிமுகம் கிடையாது. இப்படியும் ஒரு நிகழ்ச்சி நடத்தலாம் என்பதை நம்மவர்களுக்கு விளக்க நான் எடுத்த முயற்சிகள் எல்லாம் தோற்றன.

பிறகு தொண்டையில் புற்றுநோய் வந்தது. குரல்வளையை முழுவதும் எடுக்கவேண்டும், திங்கட்கிழமை காலை என்றார்கள். அண்ணர் ஒன்றே ஒன்று கேட்டார்: சொந்தக் குரலில் ஒரு பாட்டு, மனிசர் முன்னால்.

கிளப் கூடுவதற்கு இன்னும் இரண்டு கிழமை இருந்தது. அண்ணி நம் தமிழ்ச் சங்கத்திடம் ஒரு மேடை கேட்டார். சங்கம் மகிழ்ச்சியோடு ஒத்துக்கொண்டது. அந்த மகிழ்ச்சியைப் பார்த்தே நாம் பயந்திருக்கவேண்டும். ஞாயிறு பின்னேரம், லின்ஃபீல்டில் ஒரு மண்டபம். ஐந்து மணிக்குப் பட்மின்டன் ஆட்களுக்கு விட்டுக்கொடுக்க வேண்டும்.

அந்த வாரம் முழுவதும் அண்ணர் பேசவில்லை. அந்த ஒரு பாட்டுக்காகக் குரலைச் சேர்த்து வைத்தார். "இஞ்சருங்கோ, வாயைத் திறக்காதேங்கோ, கையைக் காட்டுங்கோ" என்று அண்ணி சுடுதண்ணியோடு பின்னால் திரிந்தார். வீட்டில் அப்படியொரு அமைதியை நான் கண்டதில்லை. வெட்கத்தை விட்டுச் சொல்கிறேன், அது எனக்குப் பிடித்தும் இருந்தது.

ஞாயிறு மண்டப வாசலில் ஊரே நின்றது. "எப்படி அண்ணை சுகம்?" என்று ஒருவர் கேட்டால் தலையாட்டலாம். வயதான மாமி கையைப் பிடித்துக்கொண்டு கேட்டால் தலையாட்டினால் மரியாதையா? "ஓம் மாமி, சுகம்." "டொக்டர் என்னவாம்?" "நாளைக்கு வெட்டுறாங்களாம்." ஒவ்வொருவருக்கும் அதே பதில், அதே குரலில் இருந்து.

பிறகு விளக்கேற்றல், தேவாரம், மௌன அஞ்சலி, வரவேற்பு நடனம், வரவேற்புரை, தலைமையுரை. அண்ணரின் குரலை ஒருநாளும் கேட்டிராத தலைவர், அந்தக் குரலைப் பற்றி உருகி உருகிப் பேசினார். அடுத்தவர், அமெரிக்க மலைப்பாட்டெல்லாம் நம் குறிஞ்சித் திணையிலிருந்து போனதுதான் என்று நிறுவினார். கைதட்டல். முன்வரிசையில் மெரே கிட்டாரை மடியில் வைத்துக்கொண்டு, எப்போது பாட்டு என்று என்னிடம் ஆங்கிலத்தில் கேட்டார். இப்போது, என்றேன். மூன்று உரைகள் கழித்தும் அதையே சொன்னேன்.

பிறகு பொன்னாடைகள். ஒன்றின் மேல் ஒன்றாக, ஒவ்வொன்றுக்கும் படம். அண்ணர் ஜவுளிக்கடைப் பொம்மைபோல நின்றார். கிட்டாரை மாட்டத் தோளில் இடமில்லை. ஒருவழியாக ஒலிவாங்கி அவர் கைக்கு வந்தபோது, கோயம்புத்தூர்க்காரரான செயலாளர் ஓடி வந்தார்.

"சார், சார், ஒரே நிமிஷம். நன்றியுரை மட்டும் முடிச்சிடுறேன். ஒருத்தர் பேரு விட்டுப்போனாலும் அடுத்த வருஷம் ஹால் கிடைக்காது சார்."

யாருடைய பெயரும் விட்டுப்போகவில்லை. சமோசா கொண்டு வந்தவர், வாகனத் தரிப்பிடத்தில் வழிகாட்டியவர், எல்லோரும் வந்தார்கள். ஐந்து மணிக்கு அரைக்காற்சட்டை போட்ட பட்மின்டன் ஆட்கள் வலையோடு உள்ளே வந்து, மிகவும் பண்பாக, மேடையை ஒட்டிக் கம்பத்தை நட்டார்கள்.

"வா, வெளியில் பாடலாம்" என்று மெரே கையைப் பிடித்து இழுத்துப் போனார். வாகனத் தரிப்பிடத்தில் தன் வண்டிப் படியில் உட்கார்ந்து, ஸ்டீல் கிட்டாரை மடியில் கிடத்தி வாசித்தார். அண்ணர் வாயைத் திறந்தார். காற்று வந்தது. இன்னொருமுறை திறந்தார். அதே காற்று. நம்மவர்கள் சிலர் அதையும் படம் எடுத்தார்கள்.

சத்திரசிகிச்சைக்குப் பின் அண்ணர் நான்கு வருடம் இருந்தார். கழுத்தில் வைத்துப் பேசும் கருவி தந்தார்கள். எல்லாச் சொல்லும் ஒரே சுருதியில், தேனீ இரைவதுபோல வரும். இங்கே பிறந்த பேரப்பிள்ளைகள் "டூ இட் அகெய்ன், தாத்தா" என்று சிரித்தார்கள். சங்கம், கூட்டங்களுக்குத் தலைமை தாங்க அவரை அழைத்தது. சுருக்கமாகப் பேசும் தலைவர் கிடைப்பது அரிது. அவர் போகவில்லை. கிளப்பில் மற்றவர்கள் பாட, பின்னால் உட்கார்ந்து தாளக் கிட்டார் வாசித்தார். போன மாதம் நெஞ்சு வலியில் போனார். அவர் பட்டியலில் அது மிகச் சாதாரணமான சாவு.

நன்றிகள். சமைத்தவர்களுக்கும், நகரின் மறுகோடி ஆல்பனியிலிருந்து மழையில் வந்தவர்களுக்கும், தேவாரம் பாடியவர்களுக்கும், அண்ணியோடு இரவுகளில் இருந்தவர்களுக்கும் எங்கள் நன்றி. அன்று மண்டபத்தில் உரையாற்றிய பெரியவர்களுக்கும் நன்றி. அவர்கள் பேசியதில் பாதி, அண்ணர் இருக்கும்போதே சொல்லப்பட்ட இரங்கலுரை என்பதால், இம்முறை செத்தவீடு நேரத்துக்கு முடிந்தது.

கடைசி நன்றி, பெயர் தெரியாத ஒரு தாதிக்கு. திங்கள் காலை, சத்திரசிகிச்சை அறைக்குக் கொண்டுபோகும் முன், அந்தத் தாதி அண்ணரின் கட்டிலருகே வந்து பெயர் கேட்டார், பிறந்த திகதி கேட்டார். இன்றைக்கு உங்களுக்கு என்ன செய்யப்போகிறோம் என்று உங்கள் வாயாலேயே சொல்லவேண்டும், அது இங்கே விதி, என்றார். இரவு முழுக்கப் பேசாமல் படுத்ததில் குரல் திரும்பி வந்திருந்தது. பழைய குரல், அடித்தொண்டையில் இருந்து, நிதானமாக.

"என்ரை குரலை வெட்டி எடுக்கப்போறியள்" என்று அண்ணர் ஆங்கிலத்தில் சொன்னார்.

தாதி இடையில் மறிக்கவில்லை. கையிலிருந்த பேனாவைக்கூட அசைக்காமல், கடைசிச் சொல் வரை கேட்டுக்கொண்டு நின்றார். "பேர்ஃபெக்ட்" என்றார்.