பிர்கன்-சால்வில் ஜங்ஷனில் ஒரு கண்

பெரிய ரயில் வருவதற்குச் சற்று முன்பு லோட்டி ஏபி கைத்துணியைத் தோளில் போட்டுக்கொண்டு, சுவரிலுள்ள சின்ன ஜன்னலின் பலகையை ஒரு விரல் அகலத்துக்கு நகர்த்தி, இடது கண்ணை அதில் வைப்பாள். சுவருக்கு அந்தப் பக்கம் பயணிகள் காத்திருக்கும் அறை. இந்தப் பக்கம் அவள் நடத்தும் சாப்பாட்டுக்கூடம். காபி தீர்ந்துவிட்டதென்று நான் கோப்பையைத் தட்டினாலும் திரும்ப மாட்டாள்.

“பச்சைத் தொப்பி. பெட்டி இல்ல. பெட்டி இல்லாம எவன் மலைக்குப் போவான்?”

“அவன் வீடே மலையில இருக்கும், லோட்டி. பெட்டி வீட்டுல இருக்கும்.”

“நீ பஸ்ஸை ஓட்டு, எர்வின். அதோட நிறுத்திக்க.”

நான் தபாலோடு பயணிகளையும் ஏற்றிப்போகும் தபால் பஸ் ஓட்டுகிறவன். ரயில் நிலைய வாசலில் வண்டியை நிறுத்திவிட்டு அடுத்த நடைக்குக் காத்திருக்கும் நேரமெல்லாம் அவள் கூடத்தில்தான் கழிகிறது. எங்களைப் போன்ற வாடிக்கைக்காரர்களுக்கு ஒரு வட்ட மேஜை உண்டு. தெரியாமல் ஒரு வெளியாள் வந்து அதில் உட்கார்ந்துவிட்டால் லோட்டி ஒரு வார்த்தை சொல்லமாட்டாள். அவர் எழுந்து போகும்வரை அவருடைய காலடியிலேயே தரையைத் துடைத்துக்கொண்டிருப்பாள்.

அவளை மட்டும் குறை சொல்லிப் பயனில்லை. இந்த ஜங்ஷன் பிறந்ததே சந்தேகத்தில்தான். தண்டவாளம் போட வந்த காலத்தில், நிலையம் சால்விலுக்குப் போய்விடுமோ என்று பிர்கன்காரர்கள் தூங்கவில்லை. பிர்கனுக்குப் போய்விடுமோ என்று சால்வில்காரர்கள் தூங்கவில்லை. கடைசியில் இரண்டு ஊருக்கும் நடுவே, தவளைக்கு மட்டும் பயன்பட்ட சதுப்பில் கட்டிவைத்தார்கள். இரண்டு ஊரிலிருந்தும் சம தூரம் நடக்க வேண்டும் என்பதில் எல்லோருக்கும் திருப்தி. பலகையில் யார் பெயர் முதலில் என்று அடுத்த சண்டை. பிற்பாடு மலை ரயில் வந்தது. அதன் தண்டவாளம் அகலம் குறைந்தது, பெரிய பாதையோடு சேர முடியாது. பக்கத்து வேலிவரை வந்து அப்படியே நின்றுவிட்டது. இறங்கி, ஏறி, மாறித்தான் போக வேண்டும். அதனால் ஒரு காத்திருப்பு அறை; அதனால் ஒரு சாப்பாட்டுக்கூடம்; அதனால் லோட்டி.

நடுவிலிருக்கும் சுவர் முதல் வகுப்பையும் மூன்றாம் வகுப்பையும் பிரிக்கக் கட்டியது. மூன்றாம் வகுப்புக்காரன் சூப் வாங்கத்தான் அந்தச் சின்ன ஜன்னல். சுவரிலேயே பாதி இங்கும் பாதி அங்குமாகப் பதித்த இரும்புக் கணப்பு ஒன்று உண்டு. அதன் திருகு லோட்டியின் பக்கம் இருக்கிறது. பிடித்த முகம் அந்தப் பக்கம் உட்கார்ந்திருந்தால் அறை வெதுவெதுப்பாகும். பிடிக்காத முகத்துக்கு ரயில் வரும்வரை கம்பளிக் கோட்டுதான் துணை.

கழிப்பறைச் சாவியும் அவளிடம்தான். எவனோ ஒருவன் ஒருமுறை சாவியோடு ரயிலேறிப் போய்விட்டான். அன்றிலிருந்து அது ஒரு மாட்டு மணியில் கட்டப்பட்டிருக்கிறது. சின்ன மணியல்ல, கோடையில் மலைக்கு ஓட்டிப்போகும் முன்மாட்டின் கழுத்தில் தொங்குகிற மணி. நகரத்து வங்கி அதிகாரி கழுத்துப் பட்டையும் தோல் பெட்டியுமாக அதை ஏந்திக்கொண்டு போனால் எல்லா நடைமேடைக்கும் சேதி போய்விடும்.

பெட்டி வைக்கும் இரும்பு அறைகளில் ஒன்று வெகுகாலமாகத் திறக்கவில்லை. அதற்குள் ஏதோ இருக்கிறதென்று லோட்டி காதை வைத்துக் கேட்பாள். தொல்லை தாங்காமல் ரயில்வே ஆள் ஒருவன் வந்து பூட்டை உடைத்துக் காட்டினான். துரு, வேறொன்றும் இல்லை. “நமக்கு முன்னாடியே எடுத்துட்டாங்க” என்றாள்.

இப்படிப்பட்டவள் கண்ணில்தான் போன இலையுதிர் காலத்தில் அந்த ஆள் பட்டான்.

சாம்பல் நிறச் சட்டை. கதவுக்கு எதிரே மூலை பெஞ்சு. காலையில் வருவான்; ரயில்கள் வரும், போகும்; அவன் இடித்த புளி மாதிரி உட்கார்ந்திருப்பான். சாயங்காலம் கடைசி ரயிலில் நகரத்துக்குத் திரும்புவான். இவையெல்லாம்கூடப் போகட்டும். கூடம் இருக்கிற ரயில் நிலையத்துக்கு அவன் வீட்டிலிருந்தே குடுவையில் காபி கொண்டுவந்தான். லோட்டி அன்றே கணப்பை அணைத்துவிட்டாள். அவன் கோட்டுப் பொத்தானைப் போட்டுக்கொண்டானே தவிர நகரவில்லை.

“கையில என்னமோ வச்சிருக்கான்,” என்று ஜன்னலிலிருந்து கண்ணை எடுக்காமலே சொன்னாள். “கதவு திறந்தா கட்டை விரல் அமுங்குது. நீயே வந்து பாரு.”

பார்த்தேன். ஒரு கிழவி உள்ளே வந்தாள், விரல் அமுங்கியது. அவளுடைய நாய் வந்தது, அமுங்கவில்லை.

“எண்ணுற மெஷின் அது. ஆளை எண்ணுறான்,” என்றேன். சொல்லியிருக்கக் கூடாது.

லோட்டி ஜன்னலை மூடினாள். இதே பாதையில் கீழே இருக்கிற நிலையத்தில் இப்படித்தான் ஓர் ஆள் வந்து எண்ணிவிட்டுப் போனான். ஆள் போதாதென்று, வசந்த காலத்தில் காத்திருப்பு அறைக்குப் பூட்டு வந்தது. எங்கள் நிலையத்தில் டிக்கெட் கொடுக்கிற இடம் ஏற்கெனவே போய், அங்கே ஓர் இயந்திரம் நிற்கிறது. அறையைப் பூட்டினால் கணப்புக் குழாயையும் அடைப்பார்கள். குழாய் இரண்டு பக்கத்துக்கும் ஒன்றுதான். குளிர்காலத்தில் சூடில்லாத கூடத்தில் யார் உட்கார்ந்து பார்லி சூப் குடிப்பார்கள்? அவளுக்கு வேறு தொழில் தெரியாது. அவளைப் பார்க்க எனக்குக் கஷ்டமாக இருந்தது.

“எண்ணுறானா?” என்றாள். “எண்ணட்டும். நல்லா எண்ணட்டும்.”

கட்டடத்தின் பக்கவாட்டில், சைக்கிள் நிறுத்தும் இடத்தை ஒட்டி ஒரு நடைபாதை உண்டு. வாசலிலிருந்து நடைமேடைக்கு எல்லோரும் அதில்தான் போவோம். காத்திருப்பு அறைக்குள் நுழைய வேண்டியதே இல்லை. மறுநாள் காலையில் அந்தப் பாதையின் குறுக்கே ஒரு சங்கிலி. அதில் ஒரு பலகை: ‘வழி இல்லை. அறை வழியாகச் செல்லவும்.’ எங்கள் நாட்டில் ஒரு பலகை தொங்கினால் போதும், மாட்டியது யார் என்று எவனும் கேட்கமாட்டான். பள்ளிக்கூடப் பிள்ளைகள் அறை வழியாகப் போனார்கள். போலீஸ்காரர் போனார். தண்டவாளம் பழுதுபார்க்க வந்த ரயில்வே ஆட்கள் கூட, அது தங்கள் பாதை என்பதை மறந்து, ஏணியைச் சாய்த்துப் பிடித்துக்கொண்டு அறை வழியாகப் போனார்கள். சாம்பல் சட்டைக்காரனின் கட்டை விரலுக்கு ஓய்வில்லை.

அதோடு நிறுத்தியிருக்கலாம். ஆனால் லோட்டி பிர்கன் பாட்டுக் குழுவைச் சூப்புக்கு அழைத்தாள். அவர்கள் முன்கதவில் நுழைந்து, நடைமேடைக்குப் போய், சுரங்கப்பாதை வழியாக இறங்கி, மறுபடி முன்கதவுக்கு வந்தார்கள். மலை ரயில் ஓட்டுகிற நிடெகர் ஒவ்வொரு காபிக்கும் இரண்டு முறை நடந்தான். நான் எவ்வளவு நடந்தேன் என்பதைச் சொல்வதாக இல்லை.

“தொப்பியை மாத்துய்யா,” என்று நிடெகரின் காதைக் கடித்தாள். “அவனுக்கும் கண்ணு இருக்கு.”

குளிர்காலத் தொடக்கத்தில் இரண்டு ஊருக்கும் பொதுவாக ஊர்ச்சபை கூடியது, பிர்கன் பள்ளி விளையாட்டுக் கூடத்தில். நிலையத்தைச் செப்பனிடும் செலவில் ஊர்களும் பங்கு ஏற்க வேண்டும். கை தூக்கி முடிவு செய்ய வேண்டும். மேடையில், ரயில்வே சார்பில், சாம்பல் சட்டை. பெயர் ஜாக்கார். எங்கள் நாட்டில் பிரெஞ்சு பேசும் பகுதிக்காரர் என்பது வாயைத் திறந்ததும் தெரிந்தது. சுற்றியிருந்தவர்கள் ‘அதானே’ என்பதுபோல் பார்த்துக்கொண்டார்கள்.

“நீங்கள் எல்லாரும் மிக மிக அதிகமாகப் பயணம் செய்கிறீர்கள்,” என்றார் அவர், ஒவ்வொரு சொல்லாக எடுத்துவைத்து. “எனக்கு ஆச்சரியம். இந்த அறை உங்களுக்குப் போதாது. நெரிசலில் யாராவது விழுந்தால் ஆபத்து.”

பிறகு வரைபடத்தை விரித்தார். நடுச்சுவரை இடிப்பது. சாப்பாட்டுக்கூடத்தையும் சேர்த்து ஒரே பெரிய காத்திருப்பு மண்டபமாக்குவது. காபிக்கு ஓர் இயந்திரம் வைத்துவிடுவது. கிணறு வெட்டப் பூதம் கிளம்பிவிட்டது. எனக்குப் பக்கத்தில் உட்கார்ந்திருந்த லோட்டி மடியிலிருந்த கைப்பையை இரண்டு கையாலும் இறுக்கிப் பிடித்துக்கொண்டாள்.

“ஆதரிக்கிறவங்க கையைத் தூக்குங்க,” என்றார் சபைத் தலைவர்.

சால்வில் பக்கத்தில் கைகள் எழும்பத் தொடங்கின. தாங்கள் தூக்காவிட்டால் இதில் பிர்கனுக்கு ஏதோ லாபம் இருக்கும் என்று நினைத்தார்களோ என்னவோ. பாட்டுக் குழு தன் பூட்ஸைப் பார்த்துக்கொண்டிருந்தது. நிடெகர் கூரையைப் பார்த்தான். அண்டை அயலார் முன்னால் எழுந்து நின்று ‘நான் ஏமாற்றினேன்’ என்று சொல்வதைவிட, எங்கள் ஊரில் ஒருவன் பனிச்சரிவில் உருண்டு போவான்.

லோட்டி எழுந்து நின்றாள்.

“அவர் எண்ணினது தப்பில்ல,” என்றாள். “நாங்க நடந்ததுதான் தப்பு. சங்கிலி கட்டினது நான். பலகை மாட்டினது நான். பாட்டுக் குழு சுத்திச் சுத்தி வந்தது என் சூப்புக்காக. பாதிப் பேருக்கு அன்னைக்கு எந்த ஊருக்கும் போற வேலையே கிடையாது.”

“பிர்கன்காரங்க புத்தியே இதான்,” என்று சால்வில் வரிசையிலிருந்து ஒருவர் சொன்னார்.

“உங்க வீட்டம்மாவும் வந்தாங்க,” என்றாள் லோட்டி திரும்பிப் பார்க்காமல். “பையை மாத்தி மாத்தி எடுத்துக்கிட்டு.”

தூக்கிய கைகள் ஒவ்வொன்றாக இறங்கின. ஜாக்கார் வரைபடத்தைச் சுருட்டினார். கோபப்படுவார் என்று நினைத்தேன். அவர் நிடெகரைத்தான் பார்த்தார்.

“சந்தேகம் வந்தது எனக்கு,” என்றார். “முகம் ஒன்று, தொப்பி வேறு வேறு. இந்தப் பக்கத்தில் வழக்கம் அப்படி என்று நினைத்தேன்.”

முடிவு வசந்த காலத்துக்குத் தள்ளிப்போயிற்று. குளிர்காலம் முழுவதும் அவரே மறுபடி எண்ணுவார். குறைந்தால் அறைக்குப் பூட்டு. கூடினால் சுவருக்குக் கடப்பாரை. நடுவில் எங்கோ ஓர் இடத்தில் நின்றால்தான் லோட்டி பிழைப்பாள். அந்த இடம் எது என்று ஜாக்கார் சொல்லவில்லை. தெரிந்தே சொல்லவில்லை என்று லோட்டி இன்றுவரை நம்புகிறாள். எனக்கும் அப்படித்தான் தோன்றுகிறது.

முதல் பெரும்பனி விழுந்த காலையில் நான் கூடத்துக்குள் வந்தபோது, சங்கிலியும் பலகையும் அடுப்படி மூலையில் கிடந்தன. லோட்டி கணப்பின் திருகைப் பிடித்துக்கொண்டிருந்தாள். முடிந்தவரை திறந்துவிட்டிருந்தாள்.

“லஞ்சமா?” என்றேன்.

“விரல் விறைச்சா எண்ணிக்கை தப்பும்,” என்றாள். சின்ன ஜன்னலைத் திறந்து ஒரு கோப்பை காபியை அந்தப் பக்கம் நீட்டினாள். “குடிங்க. உங்க குடுவையை உள்ள வைங்க. பார்க்கவே நல்லா இல்ல.”

ஒரு கை கோப்பையை வாங்கிக்கொண்டது. மற்றக் கை மடியிலேயே இருந்தது, கட்டை விரல் தயாராக. லோட்டி அதைத்தான் பார்த்தாள்.

நடைமேடையில் பனி குவிந்துகொண்டிருந்தது. முதல் ரயிலுக்கு முன்னால் அதைத் தள்ளிவிடுவது அவள் வேலையல்ல; ரயில்வே ஆள் சரியாகத் தள்ளமாட்டான் என்ற சந்தேகத்தில் அவளே செய்வது வழக்கம். துடைப்பத்தை எடுத்தாள். கூடத்திலிருந்து காத்திருப்பு அறைக்குப் போக உட்கதவு ஒன்று உண்டு. இத்தனை காலமும் அதன் வழியாகத்தான் போய் வருகிறாள். கைப்பிடியில் கையை வைத்தாள். அப்படியே நின்றாள்.

“என்ன லோட்டி?”

“இதைத் திறந்தா அவர் விரல் அமுங்கும்,” என்றாள். கைப்பிடியை விட்டாள். துடைப்பத்தைத் தோளில் சாய்த்துக்கொண்டு வாசல் வழியாக வெளியே போனாள். சைக்கிள் பக்கத்து நடைபாதையில் இன்னும் எவரும் கால் வைக்கவில்லை, முழங்கால்வரை பனி. ஒவ்வொரு காலாகப் பிடுங்கிப் பிடுங்கி வைத்து, கட்டடத்தை வளைத்துக்கொண்டு போனாள். காத்திருப்பு அறையின் ஜன்னலைக் கடக்கும்போது துடைப்பத்தைத் தாழ்த்தி, தலையையும் குனிந்துகொண்டாள்.