வெட்டாமல் விட்ட ‘லா’

சென்னைத் தமிழ் பேசினால்தான் காதல் படத்துக்கு மரியாதை என்று நம்பிய முட்டாள் நான். மலேசியாவில், கிள்ளான்காரனான நானே இயக்குநர்; தொப்பையோடு நானே கதாநாயகன். சாகும் காட்சியில் நீளமாகச் சென்னை வசனம் பேசிவிட்டு, கடைசியில் வாய் தவறி, எங்கள் ஊர்ப் பேச்சில் எதற்கும் ஒட்டிக்கொள்ளும் ‘லா’வோடு, “அழாத லா” என்று கதாநாயகியிடம் சொல்லித் தொலைத்தேன்.

பிரிக்ஃபீல்ட்ஸில் படத்தொகுப்பாளர் அக்கா ஒருவர் இருந்தார். நரைத்த கிராப்பு, மூக்கு நுனியில் கண்ணாடி. நகைச்சுவைத் தொடர், ஆவணப்படம், சோப்பு விளம்பரம், கல்யாண வீடியோ என்று எது வந்தாலும் முதலில் கண்ணை மூடிக்கொண்டு கேட்பார். என் படத்தையும் அப்படித்தான் கேட்டார்.

“அக்கா, அந்த ‘லா’வ மட்டும் வெட்டிருங்க. என் முதல் படம். கிள்ளான்ல போடறோம், நம்ம ஆளுங்க சிரிச்சே கொன்னுருவாங்க.”

“அது ஒண்ணுதான் பாஸ் நீங்க பேசுனது. மத்ததெல்லாம் வேற யாரோ பேசுறான்.”

நீளமான வசனத்தை வெட்டி எறிந்துவிட்டு, “அழாத லா”வை மட்டும் விட்டார்.

திரையிட்ட அன்று அந்த இடத்தில் ஒருவரும் சிரிக்கவில்லை. முன்வரிசை ஆன்டி மூக்கைச் சிந்தினார். கண்ணை மூடிக்கொண்டு அந்த அக்கா எதைத்தான் பார்த்தாரோ, எனக்கு இன்றும் விளங்கவில்லை. வெளியே ஓடிப்போய் அவருக்குப் போன் போட்டேன்.

“அக்கா, அழறாங்கக்கா! அடுத்த படத்துலயும் நானே ஹீரோவா நடிக்கட்டுமா?”

“பேய்ப் படம்னா நடிங்க.”